லேகாக் ஜன்னல்கள்

ஏதாவது ஒரு ஆங்கிலக் கிராமத்துக்குப் போவதாக இருந்தால், கிளம்புவதற்கு முன் அந்த ஊரின் பட்டியலை எடுத்துப் படிப்பது எனக்குப் பழக்கமாகிவிட்டது. வீட்டில் கிண்டல்தான். மற்றவர்கள் சாப்பாடு எங்கே கிடைக்கும், கார் எங்கே நிறுத்தலாம் என்று பார்க்கிற நேரத்தில் இந்த மனுஷன் கல்லறைக் கணக்கு பார்க்கிறான் என்று என் மனைவிக்கு அலுப்பு.

பட்டியல் என்று நான் சொல்வது இங்கிலாந்தில் சட்டப் பாதுகாப்பு பெற்ற கட்டடங்களின் பட்டியல். இங்கே எல்லார் வாயிலும் 'லிஸ்டட் பில்டிங்'. ஹிஸ்டாரிக் இங்கிலாந்து என்ற அமைப்பு பராமரிக்கிறது. இணையத்தில் யார் வேண்டுமானாலும் இலவசமாகப் பார்க்கலாம். ஏறக்குறைய 4 லட்சம் பதிவுகள். ஒரே பதிவுக்குள் ஒரு வரிசை வீடு முழுக்க அடங்குவதும் உண்டு என்பதால் கட்டடங்களின் எண்ணிக்கை அதைவிடக் கூடும். கிரேடு 1, கிரேடு 2 ஸ்டார், கிரேடு 2 என்று மூன்று தரம். முதல் தரத்தில் இருப்பவை 2.5 சதவீதம்தான். பத்தில் ஒன்பதுக்கு மேல் கடைசித் தரம்.

அந்தக் கடைசித் தரத்துக்காகத்தான் நான் பட்டியலைப் படிக்கிறேன். அரண்மனையையும் பேராலயத்தையும் காப்பாற்றுவது எந்த நாட்டிலும் நடக்கும். இவர்கள் தெருவோரத் தண்ணீர் பம்பு, மைல்கல், திரிகிற மாட்டைப் பிடித்து அடைக்கும் கொண்டித்தொழு, தேவாலயத் தோட்டத்தில் பாசி பிடித்துச் சாய்ந்த கல்லறை, 1935-ல் கைல்ஸ் கில்பர்ட் ஸ்காட் வடிவமைத்த சிவப்பு டெலிபோன் பெட்டி என்று எதையும் விடவில்லை. பதிவுகளின் நடையும் தனி ருசி. பெரும்பாலானவை 1980-களில் ஊர் ஊராக நடந்து எழுதியவை. தந்தி மாதிரி இருக்கும்: இத்தனாம் நூற்றாண்டு, கல் சுவர், கல் ஓடு, இரண்டு மாடி, இடது பக்கம் பிற்காலக் கதவு. உணர்ச்சியே கிடையாது. ஆனால் எழுதியவர் அந்த வீட்டு வாசலில் நின்று, கழுத்தை நிமிர்த்திப் புகைபோக்கியை எண்ணியிருக்கிறார் என்பது ஒவ்வொரு வரியிலும் தெரியும்.

இப்படிப் படித்துவிட்டுப் போன ஊர்களில் நான் திரும்பத் திரும்பப் போவது வில்ட்ஷயரில் இருக்கும் லேகாக். சிப்பனம் நகரத்திலிருந்து தெற்கே ஐந்து கிலோமீட்டர், ஏவன் ஆற்றங்கரை. பாரிஷ், அதாவது உள்ளாட்சியின் கடைசி வட்டாரம், என்று பார்த்தால் பெரியது. ரேபிரிட்ஜ், பௌடன் ஹில் போன்ற சிற்றூர்களும் அதில் சேர்த்தி, மேட்டின் மேல் ஜேம்ஸ் வயட் என்ற கட்டடக் கலைஞர் கட்டிய ஒரு பெரிய மாளிகைகூட உண்டு. ஆனால் லேகாக் என்றால் ஜனங்கள் சொல்வது நடுவில் இருக்கும் கிராமத்தைத்தான். சதுரமாக நாலு தெரு, அவ்வளவே. வேகமாக நடந்தால் கால் மணி நேரத்தில் முடிந்துவிடும். அப்படி நடப்பவர்களைப் பார்த்தால் எனக்குப் பாவமாக இருக்கும்.

கிழக்குத் தெரு மூலையில் 14-ம் நூற்றாண்டுத் தானியக் கொட்டாரம். குடியானவர்கள் மடத்துக்குச் செலுத்த வேண்டிய தசமபாகத்தை நெல்லாக... இல்லை, இந்த ஊரில் கோதுமையாகவும் ஆட்டு ரோமமாகவும் கொண்டுவந்து கொட்டிய இடம். உள்ளே போய் மேலே பார்க்க வேண்டும். இயல்பாகவே வளைந்து வளர்ந்த மரங்களைத் தேடிப் பிடித்து, நெடுக்காக இரண்டாகப் பிளந்து, எதிரெதிரே நிறுத்தி உச்சியில் முட்டவிட்டிருக்கிறார்கள். கூரையைத் தாங்குவது அந்த ஜோடிகள்தான்.  சர்ச் தெருவில் ஒரு வீட்டின் பக்கச் சுவரிலும் இதே வளைமரம் வெளியே துருத்திக்கொண்டு தெரியும். கொட்டாரத்தை ஒட்டி, ஜன்னலே இல்லாத ஒரு சின்னக் கல் அறை. 18-ம் நூற்றாண்டுக் கொட்டடி. குடித்துவிட்டுக் கலாட்டா செய்தவனைப் போதை தெளியும்வரை போட்டுப் பூட்டி வைக்க. ஜார்ஜ் விடுதியின் கணப்பு அடுப்பருகே ஒரு மரச் சக்கரம் இருக்கிறது. அதற்குள் ஒரு நாயை ஓடவிட்டு, அது ஓட ஓட நெருப்பின் மேல் கறி சுழன்று வேகும். நாய்க்கு அந்தக் கறியில் பங்கு கிடைத்ததா என்பதைப் பதிவு சொல்லவில்லை.

ஊருக்குக் காரணமான மடம் தெருக்களைத் தாண்டிப் புல்வெளிக்குள் இருக்கிறது. சாலிஸ்பரி சீமாட்டி ஈலா, கணவர் இறந்த பிறகு பெண் துறவிகளுக்காகக் கட்டியது. வில்ட்ஷயருக்கே ஷெரீப்பாக, அதாவது அரசரின் நிர்வாகப் பிரதிநிதியாக, இருந்த பெண்மணி அவர். 13-ம் நூற்றாண்டில் அது சாதாரணமில்லை. 1232-ல் ஒரே நாளில் காலையில் லேகாக்குக்கும் மாலையில் ஹின்டனில் இன்னொரு மடத்துக்கும் அடிக்கல் நாட்டினார் என்று பழைய குறிப்பு சொல்கிறது. பிறகு அவரே இங்கே துறவியாகி மடத்தின் தலைவியும் ஆனார்.

எட்டாம் ஹென்றி மடங்களைக் கலைத்தபோது லேகாக் 1539-ல் கைமாறியது. அடுத்த ஆண்டு 783 பவுண்டுக்கு அதை வாங்கியவர் வில்லியம் ஷாரிங்டன். பிரிஸ்டல் தங்கசாலையில் பொறுப்பான பதவி. அங்கே நாணயத்தில் வெள்ளியைக் குறைத்தும் ஓரத்தைச் சீவியும் கணக்கைத் திருத்தியும் சம்பாதித்தவர். 1549-ல் மாட்டினார், ஒப்புக்கொண்டார், மன்னிப்பும் வாங்கினார். பறிபோன சொத்தைப் பணம் கட்டித் திரும்பப் பெற்றார். இந்த ஆள்தான் துறவிகளின் ஆலயத்தை இடித்துத் தள்ளியவர். அதே ஆள்தான் துறவிகள் நடந்த சுற்று மண்டபத்தை இடிக்காமல் அதன் மேலேயே தன் வீட்டை எழுப்பி, மூலையில் எட்டுப் பட்டைக் கோபுரம் ஒன்றும் கட்டியவர். அந்தச் சுற்று மண்டபத்தின் கல் விதானத்தைப் பார்க்கத்தான் இன்றைக்கு உலகம் வருகிறது. யோக்கியன் காப்பாற்றியது, அயோக்கியன் அழித்தது என்று பிரித்துப் பார்க்கிற வசதி பழைய கட்டடங்களில் கிடைப்பதில்லை.

சரி, ஜன்னலுக்கு வருகிறேன். மடத்தின் தெற்குப் பக்கக் கூடத்தில், வெளியே துருத்தி நிற்கும் ஒரு சின்ன ஜன்னல் இருக்கிறது. வைர வடிவக் கண்ணாடிச் சில்லுகள். பல வழிகளில் கைமாறி டால்பட் குடும்பத்துக்கு வந்திருந்த இந்த வீட்டில், 1835 ஆகஸ்டில், வில்லியம் ஹென்றி ஃபாக்ஸ் டால்பட் அந்த ஜன்னலை ஒரு துண்டுக் காகிதத்தில் பதித்தார். வெள்ளி உப்பு தடவிய காகிதம், தபால் தலை அளவு. உலகில் இன்று மிஞ்சியிருக்கும் மிகப் பழைய நெகட்டிவ் அதுதான். வீட்டைச் சுற்றி அங்கங்கே வைத்திருந்த அவருடைய சின்னச் சின்ன மரப்பெட்டிக் கேமராக்களை அவர் மனைவி 'எலிப்பொறி' என்றே குறிப்பிட்டார். படம் எடுத்த புதிதில் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தால் சுமார் 200 சில்லுகளையும் எண்ணலாம் என்று டால்பட் அந்தக் காகிதத்தின் பக்கத்தில் எழுதி வைத்திருக்கிறார். வேலை இல்லாதவனுக்குத்தான் இப்படி எண்ணத் தோன்றும் என்று நினைத்தேன். பிறகு நானும் ஜன்னலுக்குக் கீழே நின்று எண்ணத் தொடங்கி, பின்னால் வரிசை சேர்ந்துவிட்டதால் பாதியில் விட்டேன்.

தமிழ்நாட்டுக்காரர்களுக்கு இந்த ஜன்னலோடு ஒரு சம்பந்தம் உண்டு. டால்பட் 1841-ல் காப்புரிமை பெற்ற காகித நெகட்டிவ் முறையின் வழிவந்த மெழுகுக் காகிதத்தில்தான் லின்னேயஸ் டிரைப் 1858 வாக்கில் மதுரை, ஸ்ரீரங்கம், தஞ்சாவூர் எல்லாவற்றையும் படமெடுத்தார். மதராஸ் அரசாங்கத்தின் அதிகாரபூர்வப் புகைப்படக்காரர் அவர். தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தின் அடியில் ஓடும் கல்வெட்டு வரிகளை 21 படங்களாகத் தொடர்ந்து எடுத்து ஒட்டி, கிட்டத்தட்ட 19 அடி நீளச் சுருளாக்கினார். கல்வெட்டைப் படமெடுத்தால் கல்வெட்டு பிழைக்கும் என்ற நம்பிக்கை அதில் இருந்தது. கவர்னராக வந்த டிரெவெல்யன் இது வீண் செலவு என்று சொல்லி அந்த வேலையையே நிறுத்திவிட்டார். காப்பாற்றுவதற்கு யார் காசு கொடுப்பது என்ற கேள்வி எல்லா ஊருக்கும் பொது.

லேகாக்கில் அந்தக் கேள்விக்குப் பதில் சொன்னவர் மடில்டா டால்பட். புகைப்படக்காரரின் பேத்தி. மாமாவிடமிருந்து சொத்து வந்தபோது குடும்பப் பெயரையும் சேர்த்து ஏற்றுக்கொண்டவர். வாரிசில்லை. 1944-ல் மடத்தோடு கிராமத்தையும், பழைய இடங்களைக் காக்கும் நேஷனல் டிரஸ்ட் என்ற அறக்கட்டளைக்கு எழுதிக் கொடுத்துவிட்டார். டிரஸ்ட் தன் சொத்துகளை விற்கக் கூடாதவை என்று அறிவித்துவிட்டால், நாடாளுமன்றமே தலையிட்டால் ஒழிய யாரும் அவற்றை எடுக்க முடியாது. கிராமத்தின் பெரும்பாலான வீடுகளில் இன்றும் ஆட்கள் வாடகைக்குக் குடியிருக்கிறார்கள். பள்ளிக்கூடம் உண்டு, ரொட்டிக் கடை உண்டு. தெருவில் மின்கம்பியோ டிவி ஆண்டெனாவோ கண்ணில் படாது.

அதே 1944-ல்தான் பட்டியல் போடும் அதிகாரத்தை முதன்முதலில் தந்த சட்டமும் வந்தது. காரணம் குண்டு. ஜெர்மன் விமானங்கள் நகரங்களை நொறுக்கிக்கொண்டிருந்தபோது, குண்டு விழுந்த கட்டடங்களில் எதைத் தாங்கி நிறுத்துவது, எதை இடித்து அள்ளுவது என்று முடிவெடுக்கக் கட்டடக் கலைஞர்களிடம் அவசரப் பட்டியல் கேட்டார்கள். அதன் தொடர்ச்சியாக வந்த 1947 சட்டம் நாடு முழுவதற்கும் பட்டியல் போடச் சொன்னது. முதல் சுற்று முடிய இருபது வருஷத்துக்கு மேல் ஆனது. அதுவும் அரைகுறை. 1980 ஆகஸ்டில் லண்டனுக்கு மேற்கே ஃபயர்ஸ்டோன் டயர் தொழிற்சாலையின் அழகான முகப்பை, பட்டியலில் சேர்க்கப் போகிறார்கள் என்று தெரிந்து, வங்கி விடுமுறை நாட்களில் இடித்துத் தள்ளினார்கள். அந்த ஆத்திரத்தில்தான் அரசாங்கம் ஊர் ஊராக ஆளை அனுப்பி மறு கணக்கெடுப்பு நடத்தியது. நான் ரசிக்கும் தந்தி நடைப் பதிவுகள் அப்போது பிறந்தவை.

பொது விதி எளிமையானது. 1700-க்கு முன் கட்டப்பட்டு, ஏறக்குறைய பழைய நிலையிலேயே இருக்கும் எதுவும் பட்டியலில் சேரத் தகுதி உள்ளது. 1850 வரை கட்டியவற்றிலும் பெரும்பாலானவை சேரும். அதற்குப் பிறகு வர வர வடிகட்டல் கடுமையாகும். முப்பது வயது ஆகாத கட்டடத்தைச் சேர்ப்பது அபூர்வம். சேர்ந்துவிட்டால் வெளிச்சுவர் மட்டும் அல்ல, உள்ளே இருக்கும் மாடிப்படி, கதவுத் தாழ்ப்பாள், கணப்பு வரை எல்லாமே சேர்த்திதான். தோட்டத்துச் சுவரும் கொல்லைப்புறக் கொட்டகையும் 1948 ஜூலை 1-க்கு முன் கட்டியவையாக இருந்து, அந்த வீட்டைச் சேர்ந்தவையாகவும் இருந்தால், அவற்றுக்கும் இதே விதி. அனுமதி இல்லாமல் கை வைத்தால் குற்றவியல் வழக்கு, சிறைகூட உண்டு.

இதெல்லாம் காகிதத்தில். என் நண்பர் ஒருவர், என்னைவிடச் சின்னவர், இதே மாவட்டத்தில் வேறொரு பாரிஷில் ஒரு கிரேடு 2 குடிசை வீட்டை வாங்கினார். குடிசை என்றால் நம் ஊர்க் குடிசை இல்லை, விலையைக் கேட்டால் தெரியும். முதல் குளிர்காலத்திலேயே ஜன்னல் சந்துகளில் காற்று விசில் அடித்தது. பிளாஸ்டிக் ஃபிரேமில் இரட்டைக் கண்ணாடி போட்டுவிடலாம் என்று விலை கேட்டிருக்கிறார். மரபுக் கட்டடங்களைப் பார்த்துக்கொள்ளும் உள்ளாட்சி அதிகாரி அதெல்லாம் நடக்காது என்று சொல்லிவிட்டார். அது போதாதென்று கொல்லைப்புறக் கதவைப் பார்த்து, இது எப்போது மாற்றியது என்று கேட்டிருக்கிறார். முந்தைய சொந்தக்காரர் அனுமதி வாங்காமல் மாட்டிய பிளாஸ்டிக் கதவு அது. யார் செய்திருந்தாலும் சரி, இப்போது வீடு யாருடையதோ அவர்தான் சரிசெய்ய வேண்டும். இத்தனை வருஷம் கடந்துவிட்டது என்ற சாக்கும் செல்லாது.

"அண்ணே, எவனோ மாட்டின கதவுக்கு நான் தண்டம் அழணுமா? ஊர்ல ரேஷன் கார்டுக்குக்கூட நான் இப்படி அலைஞ்சதில்ல" என்று போனில் கத்தினார்.

"வீட்டப் பாத்துட்டு வாங்குனியா, பேப்பரப் பாத்துட்டு வாங்குனியாப்பா?" என்று கேட்டேன். பதில் வரவில்லை.

கடைசியில் நல்லபடியாகவே முடிந்தது. பழைய ஜன்னல்களை ஒரு தச்சர் கழற்றி, உளுத்த பாகத்தை மட்டும் வெட்டி எடுத்துப் புது மரம் ஒட்டுப்போட்டார். அறைக்கு உள்பக்கம் தனியாக இன்னொரு கண்ணாடித் தடுப்பு. குளிர் கணிசமாகக் குறைந்தது. தெருவிலிருந்து பார்த்தால் எந்த மாற்றமும் தெரியாது. செலவுதான் முதலில் கேட்ட விலையைவிட அதிகம்.

அதிகாரி சொன்னதில் நியாயம் இருந்தது என்று நான் நினைக்கிறேன், நண்பரிடம் இதைச் சொல்லவில்லை என்றாலும். பழைய சுவர் ஈரத்தை வாங்கும், விடும். சுண்ணாம்புக் காரை அதற்கு வழிவிடுகிறது. அதன் மேல் சிமென்ட் பூசினால் உள்ளே போன ஈரம் வெளியே வர வழியில்லாமல் கல்லையும் மரத்தையும் தின்னத் தொடங்கும். நம் ஊர்ப் பழைய வீடுகளிலும் சிமென்ட் பூசிய பிறகுதான் சுவர் ஓதம் காத்தது என்று கிழவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். இங்கே இந்தச் சண்டையை 1877-லேயே ஆரம்பித்துவிட்டார்கள். பழைய கட்டடத்தைப் புதுப்பிக்கிறேன் பேர்வழி என்று சுரண்டித் தேய்க்காதே, அன்றாடம் பராமரித்தாலே போதும் என்று வில்லியம் மாரிஸ் தொடங்கிய சங்கம் இன்றும் சுண்ணாம்பு வேலை கற்றுக்கொடுக்கிறது.

எனக்குக் கோபம் வருவது வரி விஷயத்தில். புதிதாக ஒரு வீடு கட்டினால் மதிப்புக் கூட்டு வரி பூஜ்யம். 400 வருஷ வீட்டின் ஓட்டை மாற்றினால் 20 சதவீதம். முன்பு, அனுமதி பெற்றுச் செய்யும் மாற்ற வேலைக்காவது வரி விலக்கு இருந்தது. 2012 அக்டோபரில் அதையும் எடுத்துவிட்டார்கள். ஒரு பக்கம் கை வைக்காதே, ஒழுங்காகப் பார்த்துக்கொள் என்று அதட்டிவிட்டு, இன்னொரு பக்கம் பார்த்துக்கொள்பவனிடமே வசூலிப்பது என்ன நியாயம்? சட்டத்துக்கு 'கூடாது' என்று சொல்லத்தான் தெரியும். ஓடு வாங்கித் தரத் தெரியாது. லேகாக் தப்பித்ததற்குப் பட்டியல் ஒரு காரணம் என்றால், ஒரே நிலச்சுவான்தார் குடும்பமும், கம்பளித் துணி வியாபாரம் நொடித்த பிறகு அந்த ஊரை இடித்துக் கட்ட எவருக்கும் தேவைப்படாமல் போனதும், கடைசியில் சொத்தைத் தானம் செய்ய ஒருத்திக்கு மனசு வந்ததும் அதைவிடப் பெரிய காரணங்கள்.

இதற்கு அந்த ஊர்க்காரர்கள் விலை கொடுக்கிறார்கள். சனி ஞாயிறுகளில் தெருவில் காலை வைக்க முடியாது. மந்திரப் பள்ளிக்கூடத்துப் பையன் ஹாரி பாட்டர் படங்களில் சில காட்சிகள் இங்கே எடுக்கப்பட்டதிலிருந்து, யாரோ குடியிருக்கும் வீட்டு வாசலில் நின்று போட்டோ எடுக்கிறது கூட்டம். ஜன்னல் வழியாக எட்டிப் பார்ப்பவர்களும் உண்டு. நானும் அந்தக் கூட்டத்தில் ஒருவன்தான், அதனால் ரொம்பப் பேச உரிமையில்லை. போவதாக இருந்தால் வார நாளில் போங்கள். வண்டியை ஊருக்கு வெளியே டிரஸ்டின் நிறுத்தத்திலேயே விடுங்கள். தெருக்களுக்குக் கட்டணம் கிடையாது, மடத்துக்குத்தான் டிக்கெட்.

போனால் புனித சிரியாக் ஆலயத்தைத் தவற விடாதீர்கள். அது கிரேடு 1. ஷாரிங்டனின் கல்லறை அங்கேதான். வழிபாடு நடக்கும் ஆங்கிலிக்கன், அதாவது இங்கிலாந்துத் திருச்சபை, ஆலயங்களுக்கு உள்ளாட்சியிடம் பட்டியல் அனுமதி கேட்க வேண்டியதில்லை. திருச்சபைக்கென்றே தனி நீதிமன்றம் இருக்கிறது, ஒரு பெஞ்சை நகர்த்துவதற்கும் அதனிடம் கேட்க வேண்டும். இந்த ஆலயத்திடம் 15-ம் நூற்றாண்டு வெள்ளிக் கிண்ணம் ஒன்று இருந்தது, பொன் முலாம் பூசியது. ஏதோ ஒரு செல்வந்தர் வீட்டில் மது அருந்தச் செய்த கோப்பை. பிறகு ஆலயத்துக்கு வந்து நானூறு வருஷம் நற்கருணைப் பாத்திரமாக இருந்தது. 1963 முதல் பிரிட்டிஷ் மியூசியத்தில் இரவலாக வைத்திருந்தார்கள். ஆலயத்தைப் பழுதுபார்க்கப் பணம் வேண்டியிருந்தபோது அதை விற்றுவிடத் தீர்மானித்தார்கள். ஊருக்குள்ளேயே எதிர்ப்பு, திருச்சபை நீதிமன்றத்தில் வழக்கு. கடைசியில் அனுமதி கிடைத்து, 2013-ல் பிரிட்டிஷ் மியூசியமும் டிவைசஸில் இருக்கும் வில்ட்ஷயர் மியூசியமும் கூட்டாக 13 லட்சம் பவுண்டு கொடுத்து வாங்கின. ஆலயத்துக்கு ஒரு நகல் செய்து கொடுத்தார்கள்.

கட்டடப் பட்டியல் கிண்ணத்தைக் காப்பாற்றாது. அது சுவரோடு ஒட்டாத பொருள். விற்றிருக்கக் கூடாது என்று வாதாடியவர்கள் பக்கம் எனக்கு அனுதாபம் உண்டு. ஆனால் கூரை ஒழுகும் ஆலயத்தின் கணக்குப் புத்தகம் என் கையில் இருந்திருந்தால் நானும் விற்கத்தான் கையெழுத்துப் போட்டிருப்பேன்.